நவுருவை இன்னும் எத்தனை முறை விலை பேசப் போகிறீர்கள்?

ஆஸ்திரேலியப் பிரதமர் அவர்களுக்கும், உள்துறை அமைச்சர் அவர்களுக்கும், நாடாளுமன்ற உறுப்பினர்களுக்கும்,

2025 ஆகஸ்ட் கடைசியில் பசிபிக் கடலில் இருக்கும் நவுருத் தீவுக்குப் போய் உங்கள் அரசு ஓர் உடன்பாட்டில் கையெழுத்திட்டது. இங்கே விசா ரத்தாகி, சொந்த நாட்டுக்கும் அனுப்ப வழியில்லாமல் இருக்கும் சுமார் 350 பேரை அந்தத் தீவு ஏற்றுக்கொள்ள வேண்டும். அதற்கு முதல் தவணையாக 40.8 கோடி ஆஸ்திரேலிய டாலர், அப்புறம் ஆண்டுக்கு ஏறத்தாழ 7 கோடி டாலர். அடுத்த வாரமே, அப்படி அனுப்பப்படுகிறவர்கள் தங்கள் தரப்பை எடுத்துச் சொல்லும் வாய்ப்பையும் பறித்து ஒரு சட்டம் நிறைவேற்றினீர்கள். அக்டோபரில் முதல் ஆளை அனுப்பியும் விட்டீர்கள். இந்த முடிவை என்னால் ஏற்க முடியவில்லை.

நான் இந்த நாட்டின் குடிமகன். மேற்கு சிட்னியில் குடும்பத்தோடு இருக்கிறேன், வரி கட்டுகிறேன், தவறாமல் வாக்களிக்கிறேன். இங்கே வருவதற்கு முன்னால் நவுருவில் கணக்கு வாத்தியாராக வேலை பார்த்தேன். அதனால் நீங்கள் விலை பேசியிருப்பது எந்த மண்ணை என்பது எனக்குத் தெரியும்.

இந்த மடலைத் தமிழில் எழுதுகிறேனே என்று உங்கள் அலுவலகத்தில் யாரும் வியக்க வேண்டாம். படகில் வந்தால் ஆஸ்திரேலியாவில் குடியேறவே முடியாது என்று 2014 வாக்கில் தமிழிலேயே விளம்பரம் செய்த அரசு இது. மிரட்டுவதற்குத் தமிழ் தெரிந்த அரசிடம் எங்கள் பதிலைக் கேட்பதற்கும் ஆள் இருப்பார்கள். அதோடு, இங்கிருக்கும் என் தமிழ்ச் சொந்தங்களும் இதைப் படிக்க வேண்டும். நவுரு என்றால் நம்மில் பலருக்கு ஒரு சிறைமுகாமின் பெயர் மட்டும்தான்.

அது ஒரு நாடு. பரப்பளவு 21 சதுர கிலோமீட்டர், மக்கள் சுமார் 12,000 பேர். கரையோரமாகச் சுற்றிவரும் சாலையில் காரை எடுத்தால் அரை மணி நேரத்துக்குள் கிளம்பிய இடத்துக்கே வந்துவிடலாம். வீடு, கடை, பள்ளி, மாதா கோயில், விமானதளம் எல்லாம் அந்தக் கரையோரக் கீற்றில்தான். நடுவில் இருப்பது மேட்டு நிலம். அங்கே எல்லோரும் அதை ‘டாப்சைட்’ என்றுதான் சொல்வார்கள். தீவில் ஐந்தில் நான்கு பங்கு அதுதான். அங்கே ஒரு தென்னையும் நட முடியாது. உரத்துக்குப் பயன்படும் பாஸ்பேட்டைச் சுரண்டி எடுத்த பிறகு எஞ்சிய சுண்ணாம்புக் கற்கள், பல இடங்களில் இரண்டு மூன்று ஆள் உயரத்துக்கு, பல்வரிசை போல நிற்கின்றன. நடந்து போகக்கூட வழி இருக்காது. வெயிலில் அந்தக் கற்கள் கொதிக்கும்.

வகுப்பில் பரப்பளவு கணக்கு நடத்தும்போது பிள்ளைகளிடம் அவரவர் குடும்ப நிலத்தை வரையச் சொன்னேன். நவுருவில் நிலம் குடும்பங்களுக்குச் சொந்தம். டாப்சைட்டிலும் ஒவ்வொரு துண்டுக்கும் உரிமைக்காரர்கள் உண்டு. பிள்ளைகள் எல்லையை அழகாக வரைந்தார்கள். உள்ளே என்ன இருக்கிறது என்று கேட்டால், “ஒன்றுமில்லை சார், கல்தான்” என்றார்கள். வருத்தமாகச் சொல்லவில்லை; வீட்டு முகவரி சொல்வதைப் போலச் சாதாரணமாகச் சொன்னார்கள். எனக்குத்தான் அடுத்த கணக்குக்குப் போக மனம் வரவில்லை.

அந்த ‘ஒன்றுமில்லை’யை உண்டாக்கியதில் உங்களுக்கு இருக்கும் பங்கை நான் சொல்லித்தான் தெரிய வேண்டும் என்பதில்லை. மெல்பர்னில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்தில் எல்லாம் இருக்கிறது. ஆனாலும் சொல்கிறேன். சிட்னியில் பள்ளிக்குப் போன என் மகளின் வரலாற்றுப் பாடத்தில், முதல் உலகப் போரில் ஆஸ்திரேலியர் சண்டையிட்ட கலிப்பொலி போர் பக்கம் பக்கமாக வந்தது, நவுரு ஒரு வரிகூட வரவில்லை.

சிட்னியில் ஒரு கம்பெனி அலுவலகத்தில் கதவு சாத்தாமல் இருக்க ஒரு கல்லை முட்டுக் கொடுத்திருந்தார்கள். கல்லாகிப்போன மரத்துண்டு என்று நினைத்து நவுருவிலிருந்து யாரோ கொண்டுவந்தது. ஆல்பர்ட் எல்லிஸ் என்பவர் அதைச் சோதித்துப் பார்த்தபோது உயர்தர பாஸ்பேட் என்று தெரிந்தது. 1900 வாக்கில் நடந்த கதை இது. அப்போது தீவு ஜெர்மனியின் கையில். ஜெர்மானியர்களோடு பேசி முடித்து, சில ஆண்டுகளில் தோண்ட ஆரம்பித்தார்கள். நிலத்துக்காரருக்கு ஒரு டன்னுக்கு அரைப் பென்னி. 1914இல் உலகப் போர் மூண்டதும் ஆஸ்திரேலியப் படை போய்த் தீவைப் பிடித்தது. 1919இல் பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து மூன்றும் சேர்ந்து ஒப்பந்தம் போட்டன. யாருக்கு எவ்வளவு பாஸ்பேட்? பிரிட்டனுக்கு 42 சதவீதம், ஆஸ்திரேலியாவுக்கு 42, நியூசிலாந்துக்கு 16. கூட்டிப் பாருங்கள், நூறு வந்துவிடும். நவுருக்காரருக்கு அந்தக் கணக்கில் இடமே இல்லை.

உலக நாடுகள் சங்கம் தீவை ஒப்படைத்தபோது அதை ‘நாகரிகத்தின் புனிதப் பொறுப்பு’ என்றுதான் சொன்னது. பொறுப்பை ஏற்றவர்கள் செய்தது என்ன? தோண்டிய பாஸ்பேட்டை உலகச் சந்தை விலைக்கு விற்காமல், அடக்க விலைக்குத் தங்கள் நாட்டு விவசாயிகளுக்கே கொடுத்தார்கள். சத்தில்லாத ஆஸ்திரேலிய மண்ணில் கோதுமையும் புல்லும் தழைத்ததற்கு அந்த உரம் ஒரு பெரிய காரணம். நியூ சவுத் வேல்ஸின் உள்பகுதியில் கார் ஓட்டிப் போகும்போது பச்சைப் பசேலென்று தெரியும் வயல்களைப் பார்த்து என் நண்பர்கள் ரசிப்பார்கள். எனக்கு டாப்சைட்தான் கண்ணில் நிற்கும்.

இடையில் ஜப்பான்காரர்கள் வந்தார்கள். 1942இல் தீவைப் பிடித்து, சுமார் 1,200 நவுருக்காரர்களை ட்ரூக் தீவுகளுக்குக் கூலி வேலைக்கு ஏற்றிப் போனார்கள். 1946 ஜனவரி 31 அன்று திரும்பி வந்தவர்கள் 737 பேர். என் மாணவி ஒருத்தியின் பாட்டி அப்படிச் சிறுமியாகப் போய்த் திரும்பியவர். அவர் பேச்சில் ஜப்பான்காரர்கள் மேல் இருந்த கோபம் எனக்குப் புரிந்தது. எனக்கு மறக்காமல் நிற்பது வேறு: “திரும்பி வந்தபோது இங்கே சாப்பிட ஒன்றும் இல்லை, ஆனால் தோண்டும் வேலை மட்டும் சீக்கிரமே ஆரம்பமாகிவிட்டது” என்றார். மக்கள் மீண்ட அந்த நாளையே பின்னால் சுதந்திர நாளாகவும் தேர்ந்துகொண்டார்கள்: 1968 ஜனவரி 31.

சுதந்திரத்துக்கு முன் நடந்த ஒன்றை நீங்கள் நிதானமாகப் படிக்க வேண்டும். 1960களின் தொடக்கத்தில், பாஸ்பேட் தீர்ந்ததும் தீவில் மனிதர் வாழ முடியாது என்பது எல்லோருக்கும் தெரிந்துபோனது. நிலத்தைச் சீர்செய்து கொடுப்பதுதானே முறை? ஆஸ்திரேலியா வேறு யோசனை சொன்னது: மொத்த மக்களையும் தூக்கிக் குவீன்ஸ்லாந்து கரையோரம் இருக்கும் கர்ட்டிஸ் தீவில் குடியமர்த்திவிடலாம். ஹாமர் டிராபர்ட் தலைமையில் நவுருக்காரர்கள் கேட்டது ஒன்றுதான்: நாங்கள் அங்கேயும் ஒரு தனி மக்களாக, எங்களை நாங்களே ஆண்டுகொண்டு இருக்கலாமா? முடியாது, ஆஸ்திரேலியக் குடிமக்களாகக் கரைந்துவிடுங்கள், உள்ளூர் நிர்வாகம் மட்டும் நடத்திக்கொள்ளுங்கள் என்றது அன்றைய அரசு. 1964இல் நவுருக்காரர்கள் வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள். கல்லாக இருந்தாலும் சொந்தக் கல் என்று முடிவெடுத்தார்கள். சில ஆயிரம் பேரே இருந்த ஒரு மக்கள் கூட்டம் எடுத்த அந்த முடிவை நினைத்தால் எனக்கு இன்றும் மரியாதை வருகிறது. அன்று ஒரு மக்களைப் பெயர்த்து இங்கே கொண்டுவரப் பார்த்தீர்கள். இன்று இங்கே உங்களுக்கு வேண்டாதவர்களைப் பெயர்த்து அங்கே கொண்டுபோகிறீர்கள். நிலத்தைச் சீர்செய்து தரும் பொறுப்பை மட்டும் இரண்டு முறையும் நீங்கள் ஏற்கவில்லை.

அதற்காக அவர்கள் நீதிமன்றம் வரை போக வேண்டியிருந்தது. 1986இல் நவுரு அமைத்த விசாரணை ஆணையத்துக்குத் தலைவர், கொழும்பில் பிறந்து மெல்பர்னில் பேராசிரியராக இருந்த கிறிஸ்டோபர் வீரமந்திரி. சுதந்திரத்துக்கு முன் தோண்டப்பட்ட நிலத்துக்கு மூன்று அரசுகளும்தான் பொறுப்பு என்று அந்த ஆணையம் சொன்னது. 1989 மே மாதம் நவுரு ஆஸ்திரேலியாவை ஹேக் நகரின் சர்வதேச நீதிமன்றத்துக்கு இழுத்தது. வழக்கையே எடுக்கக்கூடாது என்று நீங்கள் வைத்த வாதங்களில் பெரும்பாலானவற்றை 1992இல் நீதிமன்றம் தள்ளிவிட்டது. முழு விசாரணை நடந்தால் என்ன வரும் என்று கான்பெராவுக்குப் புரிந்திருக்க வேண்டும். 1993இல் வெளியே பேசித் தீர்த்துக்கொண்டார்கள்: மொத்தம் 10.7 கோடி டாலர். அதில் 5.7 கோடி முன்பணம், மீதி 5 கோடி இருபது ஆண்டுகளில் கொஞ்சம் கொஞ்சமாக.

இப்போது கணக்கு வாத்தியாராகக் கேட்கிறேன். ஒரு நாட்டின் நிலத்தை அரை நூற்றாண்டுக்கும் மேல் சுரண்டியதற்கு 10.7 கோடி. உங்களுக்குத் தலைவலியாக இருக்கும் 350 பேரை வாங்கிக்கொள்வதற்கு முதல் தவணையே 40.8 கோடி. விலைவாசி ஏற்றத்தைச் சேர்த்துப் பார்த்தாலும் பின்னதுதான் பெரிய தொகை. பணம் இல்லை என்பதல்ல பிரச்சினை என்று இதிலிருந்தே தெரிகிறதே!

நவுருத் தலைவர்கள் யோக்கியமா என்று கேட்பீர்கள். கேளுங்கள். எழுபதுகளில், எண்பதுகளின் தொடக்கத்தில் ஆள் விகித வருமானத்தில் உலகின் முன்வரிசையில் இருந்த நாடு அது. மெல்பர்ன் காலின்ஸ் தெருவில் 52 மாடிக் கட்டடம் வைத்திருந்தார்கள். லண்டனில் நாடகத்துக்குப் பணம் போட்டுத் தோற்றார்கள். ஊருக்கு ஒவ்வாத முதலீடு, தட்டிக் கேட்க ஆளில்லாத செலவு, கடைசியில் யார் எவர் என்று தெரியாத வெளிநாட்டு வங்கிகளுக்கு முகவரி வாடகைக்கு விட்ட கதை. நான் அங்கே இருந்த காலத்தில் கஜானா காலியாகிக்கொண்டிருந்தது கண்ணெதிரே தெரிந்தது. அந்தப் பழியை நவுருக்காரர்களே வெளிப்படையாகப் பேசுவார்கள். ஆனால் ஊதாரியானவரின் கடன் பத்திரத்தைக் கையில் வைத்துக்கொண்டு அவர் வீட்டில் நம் குப்பையைக் கொட்டலாம் என்று எந்த நியாயமும் சொல்லாது.

2001இல் அதுதான் நடந்தது. டாம்பா என்ற நார்வே சரக்குக் கப்பல் நடுக்கடலில் காப்பாற்றிய, தஞ்சம் கேட்டு வந்த 433 பேரை இங்கே இறங்க விடாமல், பணமுடையில் இருந்த நவுருவிடம் பேசி அங்கே முகாம் போட்டீர்கள். 2008இல் மூடினீர்கள், 2012இல் திறந்தீர்கள். 2023 ஜூனில் காலியானது. மூன்றே மாதத்தில் மறுபடி ஆட்களை அனுப்பினீர்கள். இதில் தமிழருக்கும் பங்கு உண்டு. 2007இல் கடலில் மறித்துப் பிடித்து அங்கே அனுப்பப்பட்ட எண்பதுக்கும் மேற்பட்ட இலங்கையரில் பெரும்பாலோர் தமிழர். 2012க்குப் பிறகும் எங்கள் பிள்ளைகள் போனார்கள். முகாம்களைக் கட்டியது எங்கே? அதே டாப்சைட்டில். முதலில் மண்ணை எடுத்தீர்கள், மண் போன இடத்தில் மனிதரை வைத்தீர்கள்.

சில ஆண்டுகளுக்கு முன் சிட்னியில் ஓர் ஆங்கில வகுப்பில் தன்னார்வமாகச் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தேன். நவுருவிலிருந்து வந்த யாழ்ப்பாணத்துத் தம்பி ஒருவர் படிக்க வந்தார். எந்தப் பக்கம் இருந்தீர்கள் என்று கேட்டேன். வழியைச் சொன்னார். நான் பிள்ளைகளை அழைத்துப்போய்க் கற்களைக் காட்டிய சாலை அது. அங்கே தன்னைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டவர்கள் குறைவு, வந்த படகை வைத்துக் கொடுத்த எண்ணைச் சொல்லித்தான் கூப்பிடுவார்கள் என்றார். “அண்ணா, அந்தக் கல்லைப் பார்த்துக்கொண்டே இருந்தால் பைத்தியம் பிடிக்கும்” என்றார். அந்தக் கற்களின் வரலாற்றை நான் சொன்னபோது அவர் வெகு நேரம் பேசவில்லை. பிறகு கேட்ட கேள்வி இது: “அப்ப அந்தச் சனமும் எங்களைப் போலத்தானா?”

உங்கள் வாதம் எனக்குத் தெரியும். நவுரு இறையாண்மை உள்ள நாடு, அவர்களே சம்மதித்தார்கள். சரி, அந்தச் சம்மதம் எப்படிப்பட்டது என்று பார்ப்போம். 2024 டிசம்பரில் அதே நவுருவோடு இன்னொரு ஒப்பந்தம் போட்டீர்கள். பட்ஜெட்டுக்கு 10 கோடி டாலர், காவல் துறைக்கு 4 கோடி, ஓர் ஆஸ்திரேலிய வங்கியின் கிளை. பதிலுக்கு, பாதுகாப்பு, வங்கி, தொலைத்தொடர்பு போன்ற துறைகளில் நவுரு வேறு நாட்டோடு கைகோப்பதாக இருந்தால் உங்கள் ஒப்புதல் வேண்டும். வங்கிக் கிளைக்கும் காவலர் சம்பளத்துக்கும் உங்களையே நம்பியிருக்கும் நாடு உங்களிடம் ‘முடியாது’ என்று சொல்லும் என்று எதிர்பார்க்கிறீர்களா? 1964இல் சொன்னார்கள். அன்று அவர்களிடம் விற்க இன்னும் பாஸ்பேட் மிச்சம் இருந்தது.

அனுப்பப்படும் அந்த 350 பேரைப் பற்றியும் மழுப்பாமல் பேசுகிறேன். அவர்களில் கொடிய குற்றம் செய்தவர்கள் உண்டு. அவர்களுக்காக வக்காலத்து வாங்க நான் வரவில்லை. ஆனால் அவர்கள் தண்டனையை அனுபவித்து முடித்தவர்கள். காலவரையின்றி அடைத்து வைப்பது சட்டவிரோதம் என்று 2023 நவம்பரில் உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு வெளியே விடப்பட்டவர்கள். நம் குடிமக்கள் இதே குற்றத்தைச் செய்து தண்டனை முடித்தால் நம் தெருவில்தான் வந்து இருக்கிறார்கள். இரண்டரைக் கோடிப் பேருக்கு மேல் இருக்கும் நாட்டில், இத்தனை போலீஸும் நீதிமன்றமும் வைத்துக்கொண்டு, இவர்கள் ஆபத்து என்கிறீர்கள். 12,000 பேர் மட்டும் வாழும், ஒரே சுற்றுச்சாலை கொண்ட தீவில் அவர்களுக்கு 30 ஆண்டு விசா கொடுத்து இறக்கினால் அங்கே ஆபத்து இல்லையா? அல்லது அங்கே வாழும் என் மாணவர்களும் அவர்கள் பிள்ளைகளும் உங்கள் கணக்கில் வரமாட்டார்களா?

இன்னொன்று. கடல் மட்டம் உயர்ந்துகொண்டிருக்கிறது. கரையோரக் கீற்றில் வாழும் மக்களில் பெரும்பாலோரை உயரமான டாப்சைட்டுக்கு மாற்றியாக வேண்டும் என்று நவுரு திட்டம் போட்டிருக்கிறது. அங்கே மண் இல்லை. கற்களைச் சமன் செய்து, மண் கொட்டி, தண்ணீர் கொண்டுபோய்த்தான் வீடு கட்ட வேண்டும். அதற்குப் பணம் திரட்ட நாட்டின் குடியுரிமையையே 2025இல் 1,05,000 அமெரிக்க டாலருக்கு விற்கத் தொடங்கினார்கள். தோண்டியவர்கள் மூன்று பேரும் உலகின் பணக்கார நாடுகள் வரிசையில் இருக்கும்போது, தோண்டப்பட்டவர்கள் பாஸ்போர்ட் விற்று மண் வாங்க வேண்டியிருக்கிறது.

ஆகவே நான் கேட்பவை இவை.

2025 உடன்பாட்டின் கீழ் நவுருவுக்கு ஆட்களை அனுப்புவதை உடனே நிறுத்துங்கள். ஏற்கெனவே அனுப்பப்பட்டவர்கள் தங்கள் தரப்பைச் சொல்ல நீதிமன்ற வழியைத் திறந்துவிடுங்கள். அந்த வாய்ப்பைப் பறித்த சட்டத் திருத்தத்தைத் திரும்பப் பெறுங்கள்.

அந்த உடன்பாட்டையும் அதனோடு சேர்ந்த இணைப்புகள் அனைத்தையும் ஒரு வரி மறைக்காமல் நாடாளுமன்றத்தின் முன் வையுங்கள். நவுரு மக்களும் படிக்கும்படி அவர்கள் மொழியிலும் கொடுங்கள்.

டாப்சைட்டைச் சீரமைக்க ஒரு நிதியம் அமைத்து, பிரிட்டனையும் நியூசிலாந்தையும் அன்று பங்கு பிரித்த அதே 42, 42, 16 விகிதத்தில் பணம் போட அழையுங்கள். 1993இல் கணக்குத் தீர்ந்துவிட்டது என்று சட்டத்தைக் காட்டாதீர்கள். நான் சட்டம் பேசவில்லை. அகதி, விசா, சீனா, பாதுகாப்பு என்று எந்த நிபந்தனையோடும் அந்தப் பணத்தை முடிச்சுப் போடக்கூடாது. எந்த நிலத்தை முதலில் சீர்செய்வது என்பதை நிலத்துக்குரிய குடும்பங்கள் தீர்மானிக்கட்டும்.

பத்திரிகையாளர் விசாவுக்கு 2014இல் நவுரு 8,000 டாலர் கட்டணம் வைத்ததை நீங்கள் கண்டுகொள்ளாமல் இருந்தீர்கள். உங்கள் பணத்தில் நடக்கும் எந்த இடத்துக்கும் செய்தியாளரும் மருத்துவரும் தடையின்றிப் போக வேண்டும் என்பதை நீங்கள்தான் வலியுறுத்த வேண்டும்.

மூன்று அரசுகளும் சேர்ந்து நடத்திய பாஸ்பேட் ஆணையத்தின், மெல்பர்னில் இருக்கும் கோப்புகள், வரைபடங்கள், நிழற்படங்கள் முழுவதையும் மின்வடிவில் ஆக்கி நவுருவுக்குக் கொடுங்கள். எந்தக் குடும்பத்தின் எந்தத் துண்டிலிருந்து எத்தனை டன் போனது என்பதை அந்தக் குடும்பம் பார்க்கட்டும்.

நம் பள்ளிப் பாடத்தில் நவுருவின் வரலாற்றைச் சேருங்கள்.

அடுத்த வரவுசெலவுத் திட்டத்துக்கு முன் இவற்றுக்கு எழுத்தில் பதில் வேண்டும். இதன் ஆங்கிலப் படியை என் தொகுதி உறுப்பினருக்கு அனுப்பியிருக்கிறேன். படிக்கும் தமிழர்களும் அவரவர் தொகுதி உறுப்பினரிடம், இந்த உடன்பாட்டை ஆதரிக்கிறீர்களா இல்லையா என்ற ஒரே கேள்வியை எழுதிக் கேட்கும்படி வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
நவுருவில் பாடம் நடத்திய ஓர் ஆசிரியர்
மேற்கு சிட்னி